ஆதி தாளக் கோர்வை ஒன்றைத் தறியில் நெய்த கதை

தாள நெசவு என்று ஒரு கலை கிடையாது. இருந்தால் அதன் இலக்கணம் எப்படி இருக்கும் என்று நோட்டில் கிறுக்கிக்கொண்டிருந்தேன். அது வளர்ந்து பால்கனி மேசையில் ஒரு தறியாகவும், அப்புறம் கைப்பிடி வைத்த ஒரு பெட்டியாகவும் ஆகிவிட்டது. யாராவது செய்து பார்க்க விரும்பினால் உதவட்டும் என்று அளவுகளோடு எழுதி வைக்கிறேன். சின்ன வயதில் கொஞ்ச காலம் மிருதங்கம் கற்றவன், நெசவில் கற்றுக்குட்டி. அந்த அளவிலேயே வாசியுங்கள்.

இலக்கணம் சின்னதுதான். துணியின் நீளம்தான் காலம். கீழிருந்து மேலே போகும். அகலத்துக்குக் கால அர்த்தம் எதுவும் இல்லை. அதில் இரண்டு பத்திகள்: இடப்பக்கம் 4 செ.மீ. அகலத்தில் தாளம், வலப்பக்கம் 8 செ.மீ. அகலத்தில் சொற்கட்டு, அதாவது தகதிமி போல வாயால் சொல்லும் மிருதங்க எழுத்துகள். இந்தத் துணியில் ஒரு அட்சரம், அதாவது தாளத்தின் ஒரு எண்ணிக்கை, எப்போதும் 2 செ.மீ. நடை (அட்சரத்தை எத்தனையாகப் பிரிக்கிறோம் என்பது) மாறினாலும் சரி, சொல் நெருங்கினாலும் சரி, அட்சரத்தின் உயரம் மாறக்கூடாது. மேடையில் தாளம் போடுகிறவரின் கை எப்படி யாருக்காகவும் நகராதோ, அதே சட்டம்தான் இங்கேயும்.

நெசவையும் காலத்தையும் முடிச்சுப் போடும் யோசனை புதிதில்லை. லியோன் நகரத்து ஜக்கார்ட் 1804-ல் துளை அட்டைகளை வைத்து, தறியில் நீளவாக்கில் கட்டும் பாவு நூல்களைத் தூக்க வைத்தார். அந்த ஜக்கார்ட் பெட்டி இன்றும் நம் ஊர்க் கைத்தறிகளின் தலைமேல் உட்கார்ந்திருக்கிறது. அட்டையில் துளை இருந்தால் நூல் எழும், இல்லாவிட்டால் எழாது. தானாக வாசிக்கும் பியானோவின் காகிதச் சுருளிலும் துளைதான் விசையை எழுப்புகிறது. மெக்சிகோ நகரத்தில் வாழ்ந்த கான்லன் நான்கரோ அந்தச் சுருள்களில் தன் கையாலேயே துளையிட்டு, மனிதக் கைகளால் வாசிக்கவே முடியாத தாளக் கலவைகளை உருவாக்கினார். அவருக்கும் காகிதத்தின் நீளம்தான் காலம். எனக்கு அவ்வளவு பெரிய ஆசை இல்லை. ஒரே ஒரு கோர்வை, அதாவது கணக்குப் பார்த்துக் கோர்த்து முத்தாய்ப்பாக வாசிக்கும் ஒரு சொற்கட்டு, போதும்.

கோர்வையைத் தேர்ந்தெடுப்பதில்தான் அதிக நேரம் போனது. கண்ணுக்குத் தெரியும்படி சுருங்க வேண்டும், அதே சமயம் கணக்கும் சுத்தமாக இருக்க வேண்டும். ஆதி தாளத்தில் 8 அட்சரம், சதுஸ்ர நடையில் அட்சரத்துக்கு 4 மாத்திரை, ஆக ஒரு ஆவர்த்தனம், அதாவது தாளத்தின் ஒரு முழுச் சுற்று, 32 மாத்திரை. பூர்வாங்கத்துக்கு (முன்பகுதிக்கு) 7, 5, 3 என்று குறைந்துகொண்டே போகும் கோபுச்ச யதி: தகிடதகதிமி, தகதகிட, தகிட. இது 15. உத்தராங்கத்துக்கு (பின்பகுதிக்கு) ததிகிணதொம் மூன்று முறை, நடுவில் ஒவ்வொரு மாத்திரை கார்வை, அதாவது சொல் இல்லாத இடைவெளி: 5+1+5+1+5. இது 17. இரண்டும் சேர்ந்து சரியாக 32. சமத்தில், அதாவது ஆவர்த்தனத்தின் தொடக்கத்தில், எடுத்தால் அடுத்த சமத்தில் விழும். இதை ஆதியில் மூன்று முறை சதுஸ்ரத்தில் நெய்துவிட்டு, பிறகு அதையே மூன்று முறை திஸ்ர நடையில் நெய்வது என்று திட்டம். திஸ்ரத்தில் அட்சரத்துக்கு 3 மாத்திரை, ஆவர்த்தனத்துக்கு 24 மாத்திரைதான். கோர்வை மூன்று முறை என்றால் 96 மாத்திரை, அதாவது நான்கு ஆவர்த்தனம். ஆக மொத்தம் ஏழு ஆவர்த்தனம். ஆவர்த்தனம் 16 செ.மீ. என்றால் துணி 112 செ.மீ.

இப்போது நூல் கணக்கு. குறுக்கே ஓடும் ஊடை நூல் மட்டும் தெரிய வேண்டும், பாவு முழுக்க மறைய வேண்டும் என்பதால் பாவை இடைவெளி விட்டுக் கட்டி ஊடையை இறுக்கி அடிக்கும் நெசவுதான் சரி. இந்த வகையில் ஊடை ஒரு தடவை போனால் ஒன்றுவிட்டு ஒரு பாவு நூலைத்தான் மூடும். பார்க்கப் புள்ளி புள்ளியாகத் தெரியும். போய்த் திரும்பி வந்தால்தான் ஒரு முழுக் கோடு. ஆகவே ஒவ்வொரு மாத்திரைக்கும் ஊடை எண்ணிக்கை இரட்டைப்படையில் இருந்தாக வேண்டும். அதோடு ஒரே அட்சரம் நான்காகவும் பிரிய வேண்டும், மூன்றாகவும் பிரிய வேண்டும். 12-ஐ எடுத்து இரட்டித்தால் 24. அட்சரத்துக்கு 24 ஊடை என்று வைத்தால் சதுஸ்ர மாத்திரைக்கு 6, திஸ்ர மாத்திரைக்கு 8. ஒரு செ.மீ.க்கு 12 ஊடை அடிக்க முடிந்தால் 2 செ.மீ. அட்சரம் தானாக வந்துவிடும். இருபதாம் நம்பர் பருத்தி நூலை நான்கு இழை சேர்த்துச் சுற்றினால் அந்த நெருக்கம் கிடைக்கிறது.

அட்சரத்துக்கு 5 மாத்திரை வரும் கண்ட நடையையும் இதே துணியில் சேர்க்கும் ஆசை இருந்தது. 3, 4, 5 மூன்றுக்கும் பொதுவான எண் 60, இரட்டித்தால் அட்சரத்துக்கு 120 ஊடை. ஒரு அட்சரம் 10 செ.மீ. ஆகிவிடும், ஆவர்த்தனம் ஒன்றுக்கே 80 செ.மீ. வேண்டும். வேண்டாம் என்று விட்டுவிட்டேன். ஐந்து நடைகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பேசுவது நாக்குக்கு எளிது, நூலுக்கு அப்படி இல்லை.

தறி என்று பெரிதாக எதுவும் இல்லை. உறுதியான மேசை ஒன்று. முன்விளிம்பில் ஒரு மரத்தடியை இரண்டு கிளாம்ப் போட்டு இறுக்கி, அதில் 48 பாவு நூல்களை செ.மீ.க்கு நான்காகக் கட்டினேன். பாவுக்குத் தடித்த, நல்ல முறுக்குள்ள பருத்தி நூல். நீளம் இரண்டரை மீட்டர். நூல்களை ஆறு ஆறாகச் சேர்த்துப் பின்விளிம்பு வழியாகத் தொங்கவிட்டு, ஒவ்வொரு கட்டிலும் அரை லிட்டர் தண்ணீர் பாட்டில். எடை ஒன்றாக இருப்பதால் எல்லா நூலிலும் விறைப்பு ஒன்றாக இருக்கும், நெய்து முன்னால் இழுக்க இழுக்க பாட்டில் மேலே ஏறிக்கொண்டே வரும். ஆணி அடித்த சட்டத்தில் இந்த வசதி கிடையாது. நெய்ய நெய்யப் பாவு விறைத்துப்போய், கடைசி அரை அடியில், ஊடையைச் சுமந்து போகும் நாடா நுழையவே நுழையாது. பாவு நூல்களைத் தூக்கும் விழுதுக்கு ஒரு குச்சியில் நூல் வளையங்கள், எதிர்ப்பக்கத்துக்கு ஒரு தட்டைப் பலகை. ஊடையை அடிக்கச் சாப்பாட்டு மேசை முள்கரண்டி. இதற்கென்று விற்கும் சீப்பைவிட நன்றாகவே வேலை செய்கிறது.

நிறங்கள்: தாளப் பத்தியில் ஒவ்வொரு அட்சரத்தின் முதல் 6 ஊடை மட்டும் நிறம், மீதி 18 சாம்பல். ஆதி தாளத்தைக் கையால் போடுவது ஒரு தட்டு, மூன்று விரல், பிறகு தட்டு, வீச்சு, தட்டு, வீச்சு என்று. தட்டுக்குச் சிவப்பு, விரல் எண்ணுவதற்கு மஞ்சள், வீச்சுக்கு வெள்ளை. பார்க்க ஏணிப்படி போல வரும். சொற்கட்டுப் பத்தியில் ஒவ்வொரு சொற்றொடரின் முதல் எழுத்துக்கு அரக்கு, நடு எழுத்துகளுக்குக் கடுகு மஞ்சள், தொம் வந்தால் கருநீலம், கார்வைக்கு வெளுக்காத பருத்தி. ஒரே நிற மாத்திரைகள் ஒன்றோடொன்று ஒட்டிப்போகாமல் இருக்க ஒவ்வொரு மாத்திரையின் கடைசி இரண்டு ஊடை கறுப்பு, கார்வைக்கு மட்டும் அது கிடையாது. சதுஸ்ரத்தில் இரண்டு கோடு நிறம், ஒரு கோடு கறுப்பு. திஸ்ரத்தில் மூன்று கோடு நிறம், ஒரு கோடு கறுப்பு. மாத்திரை நீண்டிருப்பது இப்படித் தெளிவாகத் தெரிகிறது. நூலை ஒவ்வொரு முறையும் வெட்டினால் கதை முடியாது. அதனால் சும்மா இருக்கும் நிறங்களைப் பின்பக்கமாக இழுத்துக்கொண்டே போனேன். பின்பக்கத்தை யாருக்கும் காட்டுவதாக இல்லை.

இரண்டு பத்திகளுக்கும் நடுவே உள்ள கோடுதான் இந்த வேலையின் உயிர். தனித்தனியாக நெய்தால் நடுவில் பிளவு விழும், தாளம் ஒரு பக்கம் சொல் ஒரு பக்கம் என்று பிரிந்து தொங்கும். காஞ்சிபுரத்தில் சேலையின் உடலையும் கரையையும் தனித்தனி நாடாவால் நெய்து, சேரும் இடத்தில் நூலோடு நூலைக் கோர்த்து வாங்குவார்களே, அதைத்தான் இங்கே செய்ய வேண்டும். அங்கே இரண்டு கரைக்கு இரண்டு, உடலுக்கு ஒன்று என மூன்று நாடா ஓடும், பக்கத்தில் உதவிக்கு இன்னொருவர் உட்கார்ந்திருப்பார். எனக்கு இரண்டு நாடாதான், ஆள் ஒருவன்தான். இரண்டும் எதிரெதிர்த் திசையில் ஓட வேண்டும் என்பதுதான் முக்கியம். ஒரு தடவை இரண்டும் நடுக்கோட்டில் வந்து சந்திக்கும், அடுத்த தடவை இரண்டும் விளிம்புகளுக்குப் பிரிந்து போகும். சந்திக்கும்போது ஒன்றை ஒன்று சுற்றி வாங்க வேண்டும். ஒரே திசையில் ஓடவிட்டால் கோர்க்கும் இடத்தில் நூல் முறுக்கிக்கொண்டு முதுகெலும்பு மாதிரி ஒரு வரப்பு எழும்பிவிடும்.

அகலம் உள்ளே ஒடுங்குவது எல்லாக் கற்றுக்குட்டிகளுக்கும் வரும் வியாதி. ஊடையை நேராக இழுத்துவிட்டு அடித்தால் பாவுக்குள் ஏறி இறங்க நூல் போதாமல் விளிம்பை இழுக்கும். ஊடையை வில் மாதிரி வளைத்துப் போட்டுவிட்டு நடுவிலிருந்து அடித்தால் சரியாகிவிடும். இதை எந்த நெசவாளரும் சொல்வார்.

நெசவாளர்கள் கவலைப்படாத, ஆனால் இந்தக் கலையில் தலைபோகிற விஷயம் ஒன்று உண்டு: அடி. கை வலுவாக இருக்கும் காலை வேளையில் 24 ஊடை 19 மி.மீ.க்குள் அடங்கிவிடுகிறது, களைத்த மாலையில் 21 மி.மீ. வரை போகிறது. சேலையில் இது யார் கண்ணுக்கும் படாது. இங்கே நீளம்தான் காலம், ஆகவே காலையில் காலப்பிரமாணம் (தாளத்தின் வேகம்) ஓடுகிறது, மாலையில் இழுக்கிறது. 2 செ.மீ.க்கு ஒரு கோடு போட்ட காகிதப் பட்டையைத் துணியின் விளிம்பில் குத்தி வைத்து, ஒவ்வொரு அட்சரம் முடியும்போதும் அந்தக் கோட்டைத் தொடும்வரை அடிக்கும் பலத்தைக் கூட்டிக் குறைத்தேன். அதற்கப்புறம் பிசகவில்லை. எண்ணுவதற்கு வாயால் தகதிமி சொல்லிக்கொண்டே நெய்வது உதவும் என்று நினைத்தேன். உதவவில்லை. ஒரு மாத்திரைக்கு ஆறு ஊடை என்றால் ஒரு 'த' சொல்லி முடிக்கவே அரை நிமிடத்துக்கு மேல் ஆகிறது. அவ்வளவு விளம்பத்தில் எந்த மனதாலும் லயத்தைப் பிடித்து வைத்திருக்க முடியாது. காகிதத்தில் கட்டம் போட்டு டிக் அடிப்பதுதான் வழி. ஏழு ஆவர்த்தனத்துக்கு 1,344 ஊடை, இரண்டு பத்திக்கும் சேர்த்து அதைப்போல் இரண்டு மடங்கு. நிமிடத்துக்கு 80 அட்சரம் என்ற வேகத்தில் வாசித்தால் இது 42 விநாடிச் சங்கதி.

சரி, நெய்ததில் என்ன தெரிந்தது?

சதுஸ்ரப் பகுதியில் தாளக் கோடும் சொற்றொடரின் அரக்குக் கோடும் ஒரே நேர்க்கோட்டில் சேர்வது இரண்டே இடத்தில்: சமத்திலும், 13-ஆவது மாத்திரையிலும். அதாவது நடுவிரலை எண்ணும் இடத்தில் கடைசித் தகிட சரியாக உட்காருகிறது. மற்ற எல்லாம் தள்ளியே விழுகின்றன. முதல் ததிகிணதொம் 16-ல் தொடங்குகிறது, தட்டு 17-ல். மூன்றாவது ததிகிணதொம் 28-ல், வீச்சு 29-ல். இரண்டு இடத்திலும் அரக்குக் கோடு ஒரே ஒரு படி முந்திக்கொண்டு நிற்கிறது. நடுவில் உள்ளது 22-ல், வீச்சுக்கு ஒரு படி பிந்தி. அந்த வீச்சு விழும் 21-ஆவது மாத்திரையில் சொற்கட்டுப் பத்தியில் இருப்பது கார்வை. தாளப் பத்தியில் வெள்ளை, சொற்கட்டில் வெளுக்காத பருத்தி. கோர்வை முழுவதிலும் துணியின் அகலம் முழுக்க வெளிர் நிறமாக ஓடும் ஒரே இடம் அதுதான். வாசிக்கும்போது அந்த இடத்தில் ஒரு மூச்சு கிடைக்கிறது என்பது கைக்குத் தெரியும். ஏன் முதல் கார்வை ஆசுவாசமாகவும் இரண்டாவது கார்வை அவசரமாகவும் இருக்கிறது என்பது மட்டும் எனக்கு இதுவரை விளங்கியதில்லை. இரண்டாவது கார்வை 27-ல், எந்த அட்சரத்தின் தலையிலும் இல்லாமல் நடுவழியில் விழுகிறது.

திஸ்ரப் பகுதிதான் என்னை உட்கார வைத்துவிட்டது. கோர்வை ஒன்றேதான், எழுத்து ஒன்றுகூட மாறவில்லை. முதல் முறை நெய்யும்போது ஆறு சொற்றொடர்களில் ஐந்து அட்சரத்தின் தலையிலேயே தொடங்குகின்றன. இரண்டாவதாக வரும் தகதகிட மட்டும் விலகி நிற்கிறது. துணி அந்த இடத்தில் கட்டம் போட்ட மாதிரி அமைதியாக இருக்கிறது. இரண்டாம் முறையில் அதே ஐந்தும் அட்சரத்துக்கு ஒரு மாத்திரை முந்திக்கொள்கின்றன. மூன்றாம் முறையில் அதே ஐந்தும் ஒரு மாத்திரை பிந்துகின்றன. இடப்பக்க ஏணி அசையாமல் நிற்க, வலப்பக்கம் முதலில் பொருந்தி, பிறகு முன்னே சாய்ந்து, பிறகு பின்னே சாய்ந்து, கடைசித் தொம்முக்கு அடுத்து சமத்தில் வந்து நிற்கிறது.

காரணம் கணக்கில்தான் இருக்கிறது. 7-ம் 5-ம் சேர்ந்தால் 12. அடுத்தது 3. கார்வையோடு சேர்த்த ததிகிணதொம் 6. எல்லாம் மூன்றால் வகுபடும் எண்கள், எனவே திஸ்ரத்தின் அட்சரங்களில் பொருந்தி உட்காருகின்றன. 7 முடிந்து 5 தொடங்கும் இடம் மட்டும் ஒட்டாது. கோர்வையின் மொத்தம் 32 மூன்றால் வகுபடாது, மீதி 2. ஆகவே ஒவ்வொரு முறை திரும்பும்போதும் எல்லாமே இரண்டு மாத்திரை நகர்ந்து போகிறது. மூன்று முறை நகர்ந்தால் பழைய இடம். கணக்கைப் பார்த்தால் பள்ளிக்கூட வகுத்தல்தான். ஆனால் கச்சேரியில் திஸ்ரத்தில் கோர்வை வைக்கும்போது இரண்டாம் முறை ஏன் நம்மைத் தள்ளுவது போலவும் மூன்றாம் முறை ஏன் வழுக்குவது போலவும் கேட்கிறது என்பதற்குத் துணியில் ஒரு படம் கிடைத்துவிட்டது. இதற்காகவே நெய்யலாம்.

மிருதங்கம் வாசிக்கும் நண்பர் ஒருவரிடம் துணியை விரித்துக் காட்டினேன். தொடையில் தாளம் போட்டபடி கீழிருந்து மேலே படித்துக்கொண்டே வந்தவர் பாதியில் நிறுத்தினார். "நல்லா இருக்குப்பா. ஆனா எங்க முடியப்போகுதுன்னு இப்பவே தெரியுதே. கோர்வையில அது தெரியக்கூடாதே!"

நியாயம்தான். காது ஒவ்வொரு எழுத்தாகத்தான் கேட்கும், கண் ஏழு ஆவர்த்தனத்தையும் ஒரே பார்வையில் விழுங்கிவிடும். கணக்குப் பார்க்க அது வசதி, ரசிக்க அது கெடுதல். அதனால்தான் பெட்டி.

ஒட்டுப்பலகைப் பெட்டி, முன்னால் 4 செ.மீ. உயர ஜன்னல். ஒரு சமயத்தில் இரண்டு அட்சரம் தெரியும். 2 செ.மீ. வைத்துப் பார்த்தால் மூச்சு முட்டுகிறது, அடுத்த எழுத்தைக் கொஞ்சமாவது முன்கூட்டிப் பார்க்காமல் யாராலும் வாசிக்க முடியாது. உள்ளே மேலும் கீழும் உருளைகள், ஒன்றிலிருந்து அவிழ்ந்து இன்னொன்றில் சுற்றும். இங்கே ஒரு வேடிக்கை இருக்கிறது. சுற்றும் உருளை 3 செ.மீ. விட்டமுள்ள மரத்தடி என்றால் முதல் சுற்றுக்கு ஒன்பதரை செ.மீ. துணி நகரும். துணியின் தடிமன் 2 மி.மீ. சுற்றச் சுற்ற உருளை பருத்துக்கொண்டே போய், கடைசியில் ஒரு சுற்றுக்கு 19 செ.மீ. இழுக்கும். கையை ஒரே சீராகச் சுற்றினாலும் கோர்வை முதலாம் காலத்தில் தொடங்கி இரண்டாம் காலத்தில், அதாவது இரண்டு மடங்கு வேகத்தில், போய் முடியும்!

தீர்வு, சுற்றும் உருளையைக் கையால் ஓட்டாமல் இருப்பது. நடுவில் 50 மி.மீ. பிவிசி குழாய் ஒன்றை வைத்து, அதன்மேல் உப்புத்தாளை ஒட்டி, துணியை அதன்மேல் ஒரு சின்ன உருளையால் அழுத்திப் பிடித்தேன். கைப்பிடி இந்தக் குழாய்க்குத்தான். குழாய் பருக்காது, ஆகவே வேகம் மாறாது. துணியை வாங்கிச் சுற்றும் உருளைக்குக் குழாயிலிருந்து ஒரு தளர்வான ரப்பர் பட்டை. தேவைக்கு மேல் இழுத்தால் பட்டை வழுக்கிவிடும், வழுக்க வேண்டும். அவிழும் உருளை தானாக ஓடிவிடாமல் இருக்க அதன் முனையில் ஒரு துண்டு கம்பளித் துணியை அழுத்தி வைத்திருக்கிறேன். ஒரு நல்ல காரியம் கேட்காமலே நடந்தது. தறியிலிருந்து இறக்கியதும் விறைப்பு தளர்ந்து 112 செ.மீ. துணி 110-க்குச் சற்றுக் கீழே வந்துவிட்டது, அதாவது ஆவர்த்தனம் 15.7 செ.மீ. குழாயின் சுற்றளவும் 15.7 தான். உப்புத்தாளின் தடிமன் கொஞ்சம் கூட்டினாலும், கைப்பிடி ஒரு சுற்றுச் சுற்றினால் ஒரு ஆவர்த்தனம் என்று சொல்லும் அளவுக்குப் பொருந்துகிறது. கைப்பிடித் தட்டில் எட்டுக் கோடுகள் போட்டுவிட்டேன்.

நண்பர் இப்போது வலக்கையால் சுற்றிக்கொண்டு இடக்கையால் தொடையில் தாளம் போட்டு, ஜன்னலைப் பார்த்துச் சொற்கட்டைச் சொல்கிறார். திஸ்ரத்தின் இரண்டாம் முறையில் கை தடுமாறுகிறது, அதில் அவருக்குப் பரம சந்தோஷம். மோட்டார் வைக்கலாமே என்று கேட்டவர்கள் உண்டு. நான் வைக்கப்போவதில்லை. விளம்பத்தில் வேண்டுமானால் மெதுவாகச் சுற்றட்டும், அந்த உரிமையைப் பேட்டரியிடம் கொடுப்பானேன்.

தறியில் இன்னும் ஒரு மீட்டருக்குப் பாவு மிச்சமிருக்கிறது. அதில் கண்டத்தைத் தனியாக நெய்யலாம் என்று கணக்குப் போட்டேன். மாத்திரைக்கு 6 ஊடை, அட்சரத்துக்கு 30, அதாவது இரண்டரை செ.மீ. ஆவர்த்தனம் 20 செ.மீ. கண்டத்தில் ஆவர்த்தனத்துக்கு 40 மாத்திரை. கோர்வை மூன்று முறைக்கு 96 வேண்டும், மூன்று ஆவர்த்தனத்தில் இருப்பதோ 120. சமத்தில் முடிய வேண்டுமானால் 24 மாத்திரை தள்ளி, ஐந்தாவது அட்சரத்தின் கடைசி மாத்திரையில் எடுக்க வேண்டும். அந்த 24 மாத்திரையில் என்ன நெய்வது என்பதில்தான் இப்போது தகராறு. ஏதாவது சொல் போட்டு நிரப்பச் சொல்கிறார் நண்பர். எனக்கு வெறும் வெளுக்காத பருத்தியே போதும் என்று படுகிறது. குழாய் மட்டும் 63 மி.மீ.க்கு மாற்ற வேண்டியிருக்கும்.